கெடு தாண்டிய இழப்பீட்டு மனு

காஷ்மீரில் பொதுக் காரியத்துக்காக எடுத்த நிலத்துக்குக் கனால் (அங்குள்ள நில அளவு) ஒன்றுக்கு 1,000 ரூபாய் என்றிருந்த விலை, நீதிமன்றத்தில் 8,000 ரூபாயாக உயர்ந்தது. அதை எதிர்த்து அப்பீல் போட வந்த அனந்த்நாக் நில ஆர்ஜித கலெக்டர் 4 நாள் பிந்திவிட்டார். கெடு முடிந்துவிட்டது என்று உயர் நீதிமன்றம் மனுவைத் தள்ளியது. 1987இல் உச்ச நீதிமன்றம் அந்த 4 நாளை மன்னித்தது. தாமதமாக வருவதால் யாருக்கும் லாபமில்லை, ஒவ்வொரு நாளுக்கும் கணக்குச் சொல் என்று இயந்திரம் போலக் கேட்கக் கூடாது, நியாயத்துக்கும் நடைமுறை நுணுக்கத்துக்கும் மோதல் வந்தால் நியாயமே வெல்ல வேண்டும் என்றது. நிலம் இழந்தவர்களின் வக்கீல்கள் இன்றுவரை தாமத மன்னிப்பு மனுக்களில் எடுத்துக்காட்டும் இந்தத் தீர்ப்பு, அரசு கேட்டு அரசுக்குக் கிடைத்த சலுகை.

தாமதத்தை மன்னிக்கக் காலவரம்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவு கேட்பது ‘போதிய காரணம்’ மட்டுமே. எது போதும் என்பதை நீதிபதி தீர்மானிக்கிறார். ஆனால் விவசாயி முதலில் போய் நிற்பது நீதிபதி முன்னால் அல்ல. கலெக்டரின் இழப்பீட்டு உத்தரவான அவார்டில் சொன்ன தொகை குறைவு என்றால், வழக்கை மேல் விசாரணைக்கு அனுப்பும்படி கலெக்டரிடம்தான் மனுக் கொடுக்க வேண்டும். 1894ஆம் ஆண்டு நில ஆர்ஜிதச் சட்டப்படி, அவார்டு சொன்னபோது அங்கே இருந்தவருக்கு 6 வாரம் கெடு இருந்தது. இல்லாதவருக்கு நோட்டீஸ் கிடைத்து 6 வாரம் அல்லது அவார்டு தேதியிலிருந்து 6 மாதம், இதில் எது முந்துகிறதோ அது. கலெக்டர் நீதிமன்றம் அல்ல, ஆகவே 5ஆம் பிரிவு அவருக்குப் பொருந்தாது என்று 1996இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்தச் சட்டத்தில் ஒரு நாள் பிந்தினாலும் அவரால் மன்னிக்க முடியாமல் இருந்தது.

அந்த இறுக்கத்திலும் ஒரு வழி இருந்தது. அவார்டு தேதி என்றால் அதிகாரி கையெழுத்துப் போட்ட தேதி அல்ல, நிலத்துக்காரருக்குத் தெரிய வந்த அல்லது தெரிந்திருக்க வேண்டிய தேதி என்று 1961லேயே உச்ச நீதிமன்றம் விளக்கியிருந்தது. 2013ஆம் ஆண்டுப் புதிய சட்டம் இன்னும் ஒரு படி போனது. போதிய காரணம் இருந்தால், கெடு முடிந்த பிறகும் ஓராண்டுக்குள் வரும் மனுவை ஏற்கலாம் என்று 64ஆம் பிரிவில் கலெக்டருக்கே அதிகாரம் தந்தது. கடனை அடைக்க வந்த தொகையை வாங்கிக்கொண்டு, குறைவு என்பதே பிறகு தெரிந்த குடும்பங்களுக்கு இது பெரிய காரியம்.

தேசிய நெடுஞ்சாலைக்கு நிலம் கொடுத்தவர்களுக்கு இந்த நிழல் இல்லை. அங்கே அதிகாரி நிர்ணயித்த தொகையை ஏற்காவிட்டால், அதைத் தீர்மானிப்பவர் மத்தியஸ்தர். அவர் உத்தரவை எதிர்க்க 3 மாதம், காரணம் காட்டினால் மேலும் 30 நாள். அதற்கு மேல் நீதிமன்றமே நினைத்தாலும் மன்னிக்க முடியாது.

மன்னிக்கும் அதிகாரம் உள்ள இடங்களில் எப்படி மன்னிப்பது என்பதற்கு நல்ல வழியை ஹரியானா விவசாயிகளின் வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் காட்டியது. பிந்திய அப்பீலை ஏற்று, பிந்திய காலத்துக்கு மட்டும் வட்டி கிடையாது என்றது. நீதிமன்றம் கூட்டித் தரும் தொகைக்கு முதல் ஆண்டு 9 சதவீதம், பிறகு 15 சதவீதம் வட்டி உண்டு என்பதை நினைத்தால் இது சின்னத் தண்டனை அல்ல. தூங்கியவர் வட்டியை இழக்கிறார், அரசுக்கு நஷ்டமில்லை, நிலத்தின் நியாயமான விலை மட்டும் உரியவருக்குப் போய்ச் சேருகிறது. இதைவிடச் சரியான தராசு எனக்குத் தெரியவில்லை.

ஆனால் எல்லா அமர்வும் இதைப் பிடிப்பதில்லை. தெலுங்கு கங்கைத் திட்டத்துக்காக ஆந்திராவில் எடுத்த நிலம் பற்றிய வழக்கில், 5,659 நாள் தாமதத்தை மன்னிக்க 2024இல் உச்ச நீதிமன்றம் மறுத்தது. மற்றவருக்குக் கிடைத்தது என்பதாலேயே பிந்தி வந்தவருக்கும் கிடைக்க வேண்டியதில்லை என்றது. பதினைந்து ஆண்டுக்கும் மேல் சும்மா இருந்ததற்குக் கணக்குக் கேட்பதில் தவறில்லைதான். ஆனாலும் சென்னைக்குக் கிருஷ்ணா நீர் வர வழிவிட்ட திட்டம் அது என்பதால், நிலம் இழந்த அந்தக் குடும்பத்தின் பாக்கி நம்மையும் தொட்டது போலவே எனக்குப் படுகிறது.

என்னை அதிகம் உறுத்துவது 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 73ஆம் பிரிவு, பழைய சட்டத்தின் 28ஏ. ஒரே அறிவிக்கையில் நிலம் போன பத்துப் பேரில் ஒருவர் வழக்காடிக் கூடுதல் விலை வாங்கினால், வழக்குப் போடாத மற்றவர்களும் அதைக் கேட்கலாம். வக்கீல் வைக்க வசதியில்லாதவருக்காகவே 1984இல் வந்த ஏற்பாடு. கெடு 3 மாதம், தீர்ப்பின் நகல் வாங்க ஆன நாள் மட்டும் கழியும். தெரிய வந்த நாளிலிருந்து எண்ணலாம் என்ற 1961இன் விளக்கம் இதற்குப் பொருந்தாது என்று 2003இல் தீர்ப்பாகிவிட்டது. தான் கட்சிக்காரராக இல்லாத வழக்கின் முடிவை வழக்குப் போடாதவருக்கு யார் சொல்வார்கள்? கலெக்டர் சொல்லலாம். அந்த அறிவிக்கையில் நிலம் போன ஒவ்வொருவரின் பெயரும் சர்வே எண்ணும் அவரது அலுவலகக் கோப்பில் இருக்கின்றன. தீர்ப்பு வந்ததும் அத்தனை பேருக்கும் நோட்டீஸ் அனுப்ப வேண்டும், கெடு அந்த நோட்டீஸ் கையில் கிடைத்த நாளிலிருந்து ஓட வேண்டும் என்று 73ஆம் பிரிவைத் திருத்த ஒரு வரி போதும். அது வரும்வரை, நிலம் கொடுத்தவர்கள் பக்கத்துக் காட்டுக்காரரின் வழக்கு எந்த வாய்தாவில் நிற்கிறது என்று விசாரித்துக்கொண்டேதான் இருக்க வேண்டும்.