முகங்காட்டாத நடிகர்

நடிகன் என்றதும் முகத்தையே எண்ணுதல் நம் வழக்கம். விவரணப் படத்திலோ மெய்யான மாந்தர் தத்தம் தொழிலைச் செய்ய, அவர்களுக்கும் காண்போருக்கும் இடையே ஒரு குரல் மட்டும் உலாவும். அக்குரலுக்கு உரியவனும் ஒருவகையில் நடிகனே என்க. நம் நாட்டில் அவ்வாறு அமைந்தவர் லயனல் வெண்ட்.

1900இல் கொழும்பிற் பிறந்த வெண்ட் சட்டம் பயின்றவர். பியானோ வாசிப்பில் வல்லவர். ஒளிப்படக் கலையிற் பெரும்புகழ் பெற்றவர். 1934இல் பசில் றைற் என்னும் ஆங்கிலேயர், தேயிலை வாணிகத்தை வளர்க்கும் பொருட்டு இலங்கையிற் படம் பிடித்தார். ஜோன் கிறியர்சன் தயாரித்த அப்படமே 'சோங் ஒவ் சிலோன்'. காட்சிகள் இங்கே பிடிக்கப்பெற்றன. ஒலி இலண்டனிற் சேர்க்கப்பெற்றது. உரை கூறியவர் வெண்ட்.

கண்டியரசனிடம் ஏறத்தாழ 19 ஆண்டு சிறைப்பட்டிருந்து தப்பிய றொபேட் நொக்ஸ் என்பான் 1681இல் வெளியிட்ட நூலிலிருந்தே அவ்வுரையின் பெரும்பகுதி எடுக்கப்பட்டது. பழைய ஆங்கிலேயன் நம்மைப் பற்றி எழுதியதை, இலங்கையர் ஒருவர் ஆங்கிலேயருக்கே படித்துக் காட்டிய நயத்தை என்னென்பது! வெண்ட் குரலை உயர்த்தவில்லை, உருகவுமில்லை. பழஞ்சுவடியை வாசிப்பார்போல நிதானமாகச் செல்கிறார். செய்யுளை முழக்கினால் மட்டுமே பொருள் விளங்கும் என்றெண்ணும் நம் மாணவர் இதனைக் கேட்டல் நன்று.

நான்கு பகுதிகளுள் மூன்றாவது 'வாணிகத்தின் குரல்கள்'. புகைவண்டி ஓடுகிறது, பெண்கள் கொழுந்தெடுக்கின்றனர். செவியிலோ சந்தை விலைகளும் கப்பற் செய்திகளும் வணிகக் கடித வாசகங்களும் விழுகின்றன. காட்சி ஒன்று, ஒலி வேறொன்று. அம்முரணை இயக்குநர் வேண்டுமென்றே அமைத்தார். 1935இல் பிறசல்ஸ் விழாவில் முதற்பரிசு பெற்ற படம் அது.

ஆயினும் படத்துக்குப் பொருள் தந்த தேயிலையைப் பறித்தவர்கள் அதில் தம் கதையைத் தம் வாயாற் சொல்வதில்லை. 14 ஆண்டின் பின்னர், 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழருட் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. அக்காட்சிகளை இன்று காணும்போது இதனை மறத்தல் எளிதன்று.

வெண்ட் 1944இல் மறைந்தார். 1953 முதல் கொழும்பில் அவர் பெயரால் நாடக அரங்கு ஒன்று உளது.

படம் ஏறக்குறைய 40 நிமிடமே. நம் கல்லூரி மண்டபத்தில் அதனை ஒருமுறை காட்டலாம். மூன்றாம் பகுதி ஓடுகையில் ஒலியை அடக்கிவிட்டு, ஹல்துமுல்லைச் சரிவுகளிற் கொழுந்தெடுத்த முதிய அம்மையார் ஒருவரை அருகே அமர்த்தி, திரையில் நிகழ்வது யாதெனச் சொல்லச் செய்தல் வேண்டும். பழைய மாணவர் சங்கத்தார் இதனை ஏற்பாராக.