காதில் ஓடும் அடையாறு

சென்னை மந்தைவெளி பறக்கும் ரயில் நிலையத்துக்குப் போகிறவர்கள் கால்வாயைப் பார்ப்பதில்லை. பார்த்தாலும் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு நடையை எட்டிப் போடுகிறார்கள். கறுத்துத் தேங்கி, பிளாஸ்டிக் மிதக்கும் அந்தத் தண்ணீர்தான் பக்கிங்ஹாம் கால்வாய். கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் அதன் எட்டு கிலோமீட்டர் நீளத் துண்டு 1877-78இல் வெட்டப்பட்டது. தாது வருஷப் பஞ்சம் ஊர் ஊராகச் சூறையாடிய காலம் அது. பசியோடு வந்தவர்களுக்குக் கூலி கொடுப்பதற்காக அரசு தொடங்கிய வேலைகளில் இதுவும் ஒன்று. எலும்பும் தோலுமாக இருந்தவர்கள் மண்வெட்டியும் கூடையுமாகத் தோண்டிய பள்ளத்தில்தான் இன்று ரயில் தூண்கள் ஊன்றி நிற்கின்றன. அந்த இடத்தில் நிற்கும்போதே இதை யாராவது காதில் சொன்னால், மூக்கைப் பொத்திய கை ஒரு கணம் இறங்கும்.

அப்படிச் சொல்லும் ஏற்பாட்டை ஒலிநடை என்று அழைக்கலாம். வழிகாட்டி கூட வரமாட்டார்; கைபேசியும் ஓர் இயர்போனும் போதும். குறிப்பிட்ட இடத்தை நீங்கள் நெருங்கியதும் அந்த இடத்தின் கதை தானாகப் பேசத் தொடங்கும். நின்று பார்க்கலாம், டீ குடித்துவிட்டு வந்து விட்ட இடத்திலிருந்து தொடரலாம். கோயிலில் விவரம் தெரிந்த பெரியவர் ஒருவர் தூணுக்குத் தூண் நிறுத்தி, “இதோ இந்தச் சிற்பத்தைப் பாருங்கள்” என்று கதை சொல்வாரே, அதே வேலைதான்.

இதன் தொடக்கம் அருங்காட்சியகத்தில். ஆம்ஸ்டர்டாமில் உள்ள ஸ்டெடலிக் அருங்காட்சியகம் 1952இல் பார்வையாளர்களின் கையில் சிறு வானொலிக் கருவிகளைக் கொடுத்தது. பதிவு செய்த விளக்கம் ஓரிடத்திலிருந்து ஒலிபரப்பாகும். எல்லாருக்கும் ஒரே நேரத்தில் ஒரே வாக்கியம் கேட்டதால், கூட்டம் முழுவதும் ஒரே ஓவியத்துக்குத் தலையைத் திருப்ப வேண்டியிருந்தது. பிறகு ஒலிநாடா வந்தது. 1979இல் வாக்மேன் வந்ததும் குரல் சட்டைப்பைக்குள் அடங்கியது. ஆனாலும் நடப்பவர் எங்கே நிற்கிறார் என்பது நாடாவுக்குத் தெரியாது. அதைத் தெரிந்துகொண்டது கைபேசிதான்.

அது எப்படித் தெரிந்துகொள்கிறது? நம் தலைக்கு மேல் ஏறத்தாழ 20,200 கிலோமீட்டர் உயரத்தில் ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்கள் சுற்றுகின்றன. ஒவ்வொன்றிலும் அணுக்கடிகாரம் உண்டு. தான் இருக்கும் இடத்தையும் அனுப்பும் நேரத்தையும் அவை இடைவிடாமல் ரேடியோ அலையில் சொல்லிக்கொண்டே இருக்கும். அந்த அலை நொடிக்கு மூன்று லட்சம் கிலோமீட்டர் வேகத்தில் வந்தாலும், உச்சியில் இருக்கும் கோளிலிருந்து மந்தைவெளிக்கு வந்து சேர நொடியில் பதினைந்தில் ஒரு பங்கு ஆகிறது. இந்தத் தாமதத்தை வேகத்தால் பெருக்கினால் தூரம் கிடைக்கும். மூன்று கோள்களின் தூரம் தெரிந்தால் இடத்தைக் குறித்துவிடலாம். ஆனால் கைபேசியின் கடிகாரம் அவ்வளவு துல்லியமானதல்ல. நொடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு பிசகினாலும் கணக்கு 300 மீட்டர் தவறும், கால்வாய்க் கரையில் நிற்பவரை நாலு தெரு தள்ளிக் காட்டும். அந்தப் பிசகைக் கண்டுபிடிக்கத்தான் நான்காவது கோள் வேண்டும். ஜி.பி.எஸ்.ஸை இயக்கும் அமெரிக்கா, பொதுமக்களுக்கான குறிப்பலையில் முன்பு வேண்டுமென்றே பிழை சேர்த்து வைத்திருந்தது. நூறு மீட்டர்வரை தவறு வரும். 2000ஆம் ஆண்டு மே மாதத் தொடக்கத்தில் அதை நிறுத்தினார்கள். அன்றுதான் தெருவளவில் கதை சொல்வது சாத்தியமானது. இன்று திறந்த வானத்தின் கீழ் சாதாரணக் கைபேசியும் ஐந்து மீட்டர் அளவுக்குச் சரியாகவே இடத்தைச் சொல்லும்.

ஒலிநடை தயாரிப்பவர் வரைபடத்தில் ஒவ்வொரு கதைக்கும் ஒரு வட்டம் போடுவார். வட்டத்துக்குள் நீங்கள் கால் வைத்தால் ஒலி தொடங்கும். வட்டம் சிறியதாக இருந்தால் கதை தொடங்கும் முன்பே தாண்டிப் போய்விடுவீர்கள். பெரியதாக இருந்தால் பாலம் கண்ணுக்குத் தெரியும் முன்பே பாலத்தின் கதை வந்துவிடும். மந்தைவெளியில் இன்னொரு சிக்கலும் உண்டு. பறக்கும் ரயிலின் கான்கிரீட் தளம் வானத்தை மறைக்கிறது. செயற்கைக்கோளின் அலை நேராக வராமல் சுவரிலும் தூணிலும் மோதித் திரும்பி வரும். அந்த நீண்ட பாதையைக் கைபேசி உண்மையான தூரம் என்று நம்பிவிடுகிறது. திரையில் நம்மைக் குறிக்கும் நீலப்புள்ளி கால்வாயைத் தாண்டிக் குதிக்கிறது. கதை சொல்ல மிக அவசியமான இடத்தில்தான் கருவி தடுமாறுகிறது. இங்கே தானியங்கியை நம்பாமல், நடப்பவரே தொட்டு இயக்க ஒரு பொத்தான் வைப்பதே நல்லது.

கால்வாயின் கதை இந்த ஒரு துண்டோடு முடிவதில்லை. 1806இல் பேசில் காக்ரேன் என்பவர் சென்னையிலிருந்து எண்ணூர் நோக்கி வெட்டத் தொடங்கியது, பின்னாளில் வடக்கே காக்கிநாடா வரையும் தெற்கே மரக்காணம் வரையும் நீண்டது. 1875 முதல் 1880 வரை சென்னை ஆளுநராக இருந்த பக்கிங்ஹாம் பிரபுவின் பெயர் அதற்கு ஒட்டிக்கொண்டது. கடலுக்கு இணையாக, கடலின் ஏற்ற இறக்கத்தாலேயே நீர் நிரம்பும் உப்புநீர்க் கால்வாய் இது. ஆறுகள் குறுக்கிடும் இடங்களில் லாக்குகள் கட்டினார்கள்: இரு பக்கமும் கதவுள்ள தொட்டிக்குள் படகை விட்டு, நீர்மட்டத்தைச் சமன் செய்து, அடுத்த கதவைத் திறப்பார்கள். விறகும் உப்பும் ஏற்றிய படகுகளைக் கோலால் உந்தியும் கரையிலிருந்து கயிறு கட்டி இழுத்தும் கொண்டு வந்தார்கள். இந்தக் கால்வாயில் தோணியேறி இரவு முழுக்க மாமல்லபுரம் போன பயணத்தைப் பாரதிதாசன் கவிதையாக எழுதியிருக்கிறார். 1965, 66இல் வந்த புயல்களில் கால்வாய் சிதைந்தது, போக்குவரத்து ஓய்ந்தது. தண்ணீரில் ஓடாத போக்குவரத்துக்காக அந்த இடத்தை ரயிலுக்குக் கொடுத்தார்கள். மயிலாப்பூர் வரை வந்திருந்த பறக்கும் ரயில் 2004இல் மந்தைவெளி வழியாகத் திருவான்மியூர் வரை நீண்டது. அதே 2004இன் டிசம்பரில் சுனாமி வந்தபோது, கரையோரத்தில் நெடுந்தூரத்துக்கு இந்தக் கால்வாய்தான் அலையின் நீரை வாங்கி அடக்கியது. நாம் சாக்கடை என்று சொல்வது என்ன செய்யக்கூடியது என்பதற்கு இதைவிட வேறு சாட்சி தேவையில்லை.

கால்வாயை விட்டுத் தெற்கே கிரீன்வேஸ் சாலைக்கு வந்தால், இசைக்கல்லூரி வளாகத்தில் பிராடி கோட்டை இருக்கிறது. கிழக்கிந்தியக் கம்பெனி ஊழியர் ஜேம்ஸ் பிராடி 1796-98இல் ஆற்றைப் பார்த்தபடி கட்டிய வீடு. கட்டிய சில ஆண்டுகளில் அதே அடையாற்றில் படகு கவிழ்ந்து இறந்தார். மதில் இருப்பதால் தெருவிலிருந்து ஆறு தெரியாது. ஆனால் அதன் கதை மதிலைத் தாண்டி வரும். ஒலிநடையின் பெரிய பலம் இதுதான் என்று நினைக்கிறேன். அடையாற்றின் வடகரையில் பெரும்பகுதி சுவர்களுக்குப் பின்னால் போய்விட்டது. கண்ணுக்கு மறுக்கப்பட்டதைக் காது பெற்றுத் தரும்.

திரு.வி.க. பாலத்தில் ஏறினால்தான் ஆறு முழுதாகத் திறக்கிறது. 1973இல் திறக்கப்பட்ட பாலம் இது. பக்கத்திலேயே, 1840களில் கட்டி ஆளுநர் எல்பின்ஸ்டன் பெயரிட்ட பழைய பாலம் சிதைந்து கிடக்கிறது. தென்கரையில் மரக்கூட்டமாகத் தெரிவது 1882இல் தியசாபிகல் சொசைட்டி வாங்கிய தோட்டம். இந்தப் பாலத்தில் நடப்பவரிடம் முதலில் ஒரு வேலை சொல்ல வேண்டும்: தண்ணீரில் மிதக்கும் ஓர் இலையையோ தெர்மாகோல் துண்டையோ பார்த்து, அது எந்தப் பக்கம் போகிறது என்று கவனியுங்கள். கடலை நோக்கிப் போனால் வற்றம். மேற்கே, சைதாப்பேட்டை நோக்கிப் போனால் கடல் ஆற்றுக்குள் ஏறிக்கொண்டிருக்கிறது. பதிவான குரலுக்கு இன்றைய ஓதம், அதாவது கடலின் ஏற்ற இறக்கம், தெரியாது; உங்கள் கண்ணுக்குத் தெரியும். நல்ல ஒலிநடை இப்படித்தான் பாதி வேலையைக் கேட்பவரிடம் விட்டுவைக்கும்.

அடுத்தது போர். 1746 அக்டோபர் 24. அதற்கு முந்தைய மாதம்தான் பிரெஞ்சுக்காரர்கள் ஆங்கிலேயரிடமிருந்து சென்னையைப் பிடித்திருந்தார்கள். பிரெஞ்சுக்காரர்கள் தருவதாகச் சொன்ன அந்த ஊர் கைக்கு வராத கோபத்தில் ஆற்காட்டு நவாப் அன்வாருதீன் தன் மகன் மாபூஸ்கான் தலைமையில் படையை அனுப்பினார். சுமார் பத்தாயிரம் பேர் கொண்ட அந்தப் படை பீரங்கிகளோடு வடகரையில், குவிபிள் தீவை ஒட்டி நின்றது. தெற்கே புதுச்சேரியிலிருந்து தளபதி பரதி ஆயிரம் பேரளவில் கூட்டி வந்தார். அவர்களில் பெரும்பாலோர் இந்தியச் சிப்பாய்கள். அந்தச் சிறு படை பீரங்கிக் குண்டுக்கு நடுவே ஆற்றில் இறங்கி நடந்தே கடந்தது. கரையேறி அணி கலையாமல் சேர்ந்து சுட்டு, துப்பாக்கி முனைக் கத்தியோடு பாய்ந்தது. நவாப் படை சாந்தோம் தெருக்களுக்குள் சிதறி ஓடியது. பயிற்சி பெற்ற சிறு காலாட்படை பெரிய குதிரைப்படையை வெல்லும் என்ற பாடத்தை ஐரோப்பியர் இந்தக் கரையில் கற்றார்கள். அடுத்த நூறாண்டு இந்திய வரலாறு அந்தப் பாடத்தின் மேல்தான் நடந்தது.

இந்த இடத்தில் இன்னொரு நுட்பம் கைகொடுக்கும். கனடாக் கலைஞர் ஜேனட் கார்டிஃப் 1991 முதல் உருவாக்கிய நடைகளில், மனிதத் தலை வடிவில் செய்த பொம்மையின் இரு காதுகளிலும் ஒலிவாங்கி பொருத்திப் பதிவு செய்யும் முறையைப் பயன்படுத்தினார். வலப்பக்கச் சத்தம் வலக்காதுக்கு ஒரு மில்லிநொடிக்கும் குறைவான நேரம் முன்னதாக வருகிறது. இடக்காதுக்குத் தலையைச் சுற்றி, சற்று மங்கி வருகிறது. திசையை மூளை கணிப்பது இந்த நூலிழை வேறுபாட்டை வைத்துத்தான். அதே வேறுபாட்டோடு பதிவானதை இயர்போனில் கேட்டால், தண்ணீரில் இறங்கும் காலடிகள் தெற்கிலிருந்தே வருவதாகத் தோன்றும். நாம் திரும்பிப் பார்ப்போம். இரண்டு காதையும் அடைத்துக் கேட்க வேண்டிய இம்முறையைப் பாலத்தின் நடைபாதையில் நின்றபடி மட்டுமே பயன்படுத்த வேண்டும். மற்ற இடங்களில் ஒரு காது கட்டாயம் திறந்திருக்கட்டும். நம் சாலையில் ஹாரன் கேட்காமல் நடப்பது ஆபத்து.

கழிமுகத்தின் அறிவியலைச் சொல்லவும் பாலமே சரியான மேடை. ஆண்டின் பெரும்பகுதியில் தென்கிழக்கு அலைகள் கரையோர மணலை வடக்கே தள்ளிக்கொண்டு வருகின்றன. ஆற்றில் நீரோட்டம் இருந்தால் அந்த மணலை அடித்துக் கடலில் போடும். கோடையில் ஓட்டம் இல்லாதபோது மணல்மேடு வளர்ந்து முகத்துவாரத்தை மூடிவிடும். ஓதம் உள்ளே வராது, நீர் தேங்கி நாறும். வடகிழக்குப் பருவமழை வெள்ளமோ இயந்திரமோ வந்து வெட்டிவிட வேண்டும். 1967இல் மீனவர்களுக்காக முகத்துவாரத்தருகே கட்டிய பாலம் பத்தே ஆண்டில் உடைந்ததற்கும் இந்த நீரின் வேகம்தான் காரணம். இன்றும் அது உடைந்த பாலம்தான். குவிபிள் தீவைச் சுற்றிய உப்பங்கழி பல ஆண்டுகள் குப்பைமேடாகக் கிடந்து, சீரமைக்கப்பட்டு, 2011இல் 58 ஏக்கர் தொல்காப்பியப் பூங்காவாகத் திறக்கப்பட்டது. அங்கே நட்ட அலையாத்தி மரங்கள் வேர்களை மேலே நீட்டி மூச்சுவிடும். சேற்றில் காற்று இல்லாததால் அவற்றுக்கு அந்த ஏற்பாடு. மீண்டும் நாரைகள் வரத் தொடங்கிய இடம் அது. ஆற்றின் கதையை இறந்தகாலத்தில் மட்டும் சொல்லி முடிப்பது நியாயமில்லை என்பதற்காகவே இந்த நிறுத்தம் வேண்டும்.

ஆற்றுக்கு அடியிலும் ஒரு கதை சேர்ந்துவிட்டது. 2023 பிப்ரவரியில் மெட்ரோ ரயிலுக்காக, காவேரி என்று பெயரிட்ட துளையிடும் இயந்திரம் கிரீன்வேஸ் சாலையிலிருந்து அடையாறு சந்திப்பை நோக்கி, ஆற்றுப்படுகைக்குக் கீழே செல்லும் பயணத்தைத் தொடங்கியது.

இப்படியொரு நடையை ஒரு பள்ளி மாணவர் குழுவே தயாரிக்கலாம். மணிக்கு நான்கு கிலோமீட்டர் வேகத்தில் நடப்பவர் ஒரு நிமிடத்தில் 67 மீட்டர் போவார். இரண்டு நிறுத்தங்களுக்கு நடுவே இருக்கும் தூரத்தை இதால் வகுத்தால் எத்தனை நிமிடம் பேசலாம் என்று தெரியும். வாக்கியம் குட்டையாக இருக்க வேண்டும். எதைப் பார்ப்பது என்பதை முதலிலும், அதன் ஆண்டைப் பிறகும் சொல்ல வேண்டும். கண் தேடிக்கொண்டிருக்கும்போது எண் காதில் ஏறாது. முகத்துவாரத்தை ஒட்டிய சீனிவாசபுரத்தில் வலை பின்னும் பெரியவர்கள் அது எந்த மாதம் மூடும் என்று சொல்வார்கள். அதை அவர்கள் குரலிலேயே, அவர்கள் பேச்சிலேயே, அனுமதி பெற்றுப் பதிவு செய்யுங்கள். பிறகு அந்தப் பக்கமே வந்திராத ஒருவரைத் தனியாக நடக்க விட்டு, எங்கே தயங்கி நிற்கிறார் என்று பின்னால் போய்ப் பாருங்கள். ஒவ்வொரு நிறுத்தத்தையும் தனிக் கோப்பாக வைத்திருப்பது அவசியம். மெட்ரோ பணியால் மந்தைவெளியில் பாதைகள் மாறிக்கொண்டே இருக்கின்றன. “இடதுபக்கம் திரும்புங்கள்” என்ற ஒரு வரி தவறாகிவிட்டால், அந்த ஒன்றை மட்டும் மறுபடி பேசிச் சேர்த்தால் போதும்.