சிரிப்புக்குப் பின்னே உழைத்த கைகள்

பத்திரிகை வீட்டுக்கு வந்ததும் குழந்தைகள் முதலில் தேடுவது விகடச் சித்திரப் பக்கத்தைத்தான். கட்டங்களுக்குள் அடைபட்டு நிற்கும் அந்த உருவங்கள் எழுந்து நடமாடினால் எப்படியிருக்கும்? பேசாப்படக் காலத்தில் அமெரிக்காவில் இந்த ஆசை நிறைவேறியது. ஆனால் அதற்காக உழைத்தவர்கள் எல்லோருக்கும் புகழ் கிட்டவில்லை.

வின்ஸர் மக்கே என்ற சித்திரக்காரர் 1905-ஆம் வருஷத்தில் 'நியூயார்க் ஹெரால்டு' பத்திரிகையில் நீமோ என்னும் சிறுவனின் கனவுகளை வரையத் தொடங்கினார். 1911-இல் அதே சிறுவனைத் திரையில் உலவவிட்டார். அதற்காக அவர் தம் கையாலேயே தீட்டிய சித்திரங்கள் சுமார் 4,000. கதையென்று அதில் பெரிதாக ஒன்றுமில்லை. நீமோ ஓர் அரசகுமாரியை வரைகிறான். அவள் உயிர் பெறுகிறாள். பறவைநாகம் ஒன்றின் வாயில் அமைந்த ஆசனத்தில் ஏறி இருவரும் போய்விடுகிறார்கள். அவ்வளவே!

இதற்கா இத்தனை பிரயாசை என்று வாசகர்கள் வியக்கலாம். பேசாப்படம் விநாடிக்குச் சுமார் 16 படங்கள் வீதம் ஓடியது. அப்படியானால் நிமிஷத்துக்கு 960 படங்கள். ஒரே சித்திரத்தை இரண்டு முறை படம் பிடித்தாலும் 480 சித்திரங்கள் வேண்டும். வாரந்தோறும் புதுப்படம் கேட்கும் வியாபாரத்துக்குத் தனி மனிதரின் கை எப்படிப் போதும்?

ஆகவே சித்திரசாலைகள் தோன்றின. காகிதங்களில் துளையிட்டு, முளைகளில் மாட்டி வரையும் முறையை ராவுல் பாரே கையாண்டார். சித்திரம் திரையில் ஆடாமல் நின்றது. 1914-இல் ஏர்ல் ஹர்டு கண்ணாடிபோன்ற செல்லுலாயிட் தகட்டில் உருவத்தை வரையும் வழியைக் கண்டார். பின்னணிக் காட்சியை ஒவ்வொரு முறையும் திருப்பி வரையும் வேலை ஒழிந்தது.

பட் பிஷர் பத்திரிகையில் படைத்த நெட்டை மட்டும் குட்டை ஜெஃபும் 1916 முதல் பாரேயும் சார்லஸ் பவர்ஸும் நடத்திய சாலையில் உயிர் பெற்றனர். 1926-க்குள் இத்தகைய படங்கள் சுமார் 300 வெளிவந்தன. திரையில் விளங்கியதோ பிஷரின் பெயர். இதற்கு முன்பே, 1913-இல், ஜார்ஜ் மக்மேனஸின் இளந்தம்பதிகளைத் திரைக்குக் கொண்டுவந்த பிரெஞ்சுக்காரர் எமில் கோலுக்கும் இதே கதிதான்; விளம்பரங்களில் முழங்கியது மக்மேனஸின் பெயரே. அப்படங்களில் பெரும்பாலானவை இன்று கிடைப்பதில்லை.

உருவத்தைப் படைத்தவருக்குப் பெருமை உரியதே. அதை நடக்கவும், விழவும், விழித்துப் பார்க்கவும் வைத்தவருக்கும் அதில் பங்குண்டு அல்லவா? பழைய படமொன்றைக் கண்டு குழந்தைகள் சிரிக்கும்போது, "இதை வரைந்தவர்கள் யார்?" என்று கேட்கவும் அவர்களுக்குக் கற்றுக்கொடுப்போம்.