சித்திரத்தொடரும் பேசா இயங்கோவியமும்

செய்தித்தாள்களிற் கட்டங்கட்டமாக வெளிவந்த நகைச்சித்திரத் தொடர்கள் பல, 1910-களில் அமெரிக்க நாட்டில் பேசா இயங்கோவியங்களாகத் திரைக்கு வந்தன. உருவங்கள் ஒன்றாயினும் கலை ஒன்றன்று என்பதை இத்தழுவல்கள் தெளிவுறக் காட்டுகின்றன.

சித்திரத்தொடரில் காலம் படிப்போன் கையது. ஒரு கட்டத்திற்கும் அடுத்ததற்கும் இடையே நிகழ்வதனை அவன் உள்ளமே நிரப்பிக்கொள்ளும். திரையிலோ அவ்விடைவெளியை ஓவியனே வரைந்து நிரப்புதல் வேண்டும். பேச்சுக்குமிழிக்கு நேர்ந்த நிலை இதற்குச் சான்றாகும். பேசாப்படங்கள் பல அதனைத் தாளில் இருந்தவாறே ஏற்றன. ஆயின், காண்போர் அதனைப் படித்து முடிக்கும்வரை உருவங்களின் அசைவு தடைப்பட்டது. தாளில் ஓவியத்திற்குத் துணையாய் நின்ற சொல், திரையில் அதற்குத் தளையாயிற்று.

இனி, இருவேறு தழுவல்களை ஒப்பிட்டு நோக்குவாம். வின்சர் மெக்கே, 1905-இல் 'நியூயார்க் ஹெரால்டு' இதழில் 'லிட்டில் நீமோ' என்னும் கனவுத் தொடரைத் தொடங்கினார். அதன் உருவங்களை 1911-இல் ஏறத்தாழ 4,000 ஓவியங்களால் இயங்கச் செய்தார். அவ்வியங்கோவியப் பகுதியிற் கதை இல்லை. உருவங்கள் நீளும், குறுகும், உருமாறும். எனினும் அது மூலத்தினின்று விலகியதன்று. கட்டந்தோறும் பொருள்கள் படிப்படியாக உருமாறுதல் அத்தொடரின் உயிர்ப்பண்பு. அதுவே திரையில் முழுமை பெற்றது.

ஜார்ஜ் ஹெரிமனின் 'கிரேசி கேட்' நிலை வேறு. பூனை எலியைக் காதலிக்கும். எலி செங்கல்லால் எறியும். அவ்வெறியையே பூனை அன்பென்று கொள்ளும். இக்கதைக்குச் சுவையூட்டியவை, பூனையின் விந்தையான பேச்சுமொழியும், கட்டந்தோறும் காரணமின்றி மாறும் பின்னிலமுமே. 1916 முதல் ஹெர்ஸ்டின் படநிலையத்தில் பிற ஓவியர்கள் இதனைப் படமாக்கியபோது, பூனையும் எலியும் வந்தன. மொழியின் சுவை வரவில்லை. 1925-இல் தொடங்கிய மற்றொரு வரிசையிலோ, அப்பூனை 'பெலிக்ஸ்' என்னும் பூனையின் சாயலையே பெற்றது. பெயரே எஞ்சியது எனலாம். பெலிக்ஸ், 1919-இல் திரையிலேயே பிறந்து 1923-இல் செய்தித்தாளுக்குச் சென்ற பூனை என்பது ஈண்டுக் கருதத்தக்கது.

கதையைக் காத்தலே மூலத்தைக் காத்தலாகாது என்பது இவற்றாற் பெறப்படும். மெக்கே கதையை விடுத்தும் மூலத்தின் உயிரைக் காத்தார். பின்னவர் பாத்திரங்களைக் காத்தும் அதனை இழந்தனர். ஆதலின், தழுவலை ஆராய்வோர், யாது நிகழ்ந்தது என்பதினும், மூலத்தில் நகை எதன்கண் நின்றது என்பதனையே முதற்கண் வினவுதல் வேண்டும்.