குரல் இருக்கிறது, ஆள் இல்லை

குறும்படம் என்றால் கடைசியில் ஒரு திருப்பம் வேண்டும் என்று எதிர்பார்க்கிறோம். கதையே இல்லாத குறும்படமும் உண்டு. 'ஒண்ணுமே புரியலடா' என்று பாதியில் நிறுத்துவோமே, அந்த ரகம்.

பாயல் கபாடியா (2024-இல் கான் விழாவில் கிராண்ட் பிரி வாங்கியவரேதான்) 2018-இல் தந்த 'அண்ட் வாட் இஸ் தி சம்மர் சேயிங்' 23 நிமிடப் படம். மகாராஷ்டிரத்தில் காட்டோரக் கிராமம். ஒருவர் தேனடை தேடி மர உச்சியைப் பார்க்கிறார். தரையிலிருந்து புகை கிளம்புகிறது. பெண்கள் தொலைந்துபோன காதலைக் கிசுகிசுக்கிறார்கள். பேசுகிறவர் திரையில் வருவதே இல்லை.

படப்பிடிப்பில் கிளாப் பலகை எதற்கு? படம் கேமராவில், ஒலி தனிக் கருவியில் பதிவாகும். பலகை மூடும் காட்சியையும் 'டக்' சத்தத்தையும் வைத்துத்தான் இரண்டையும் பொருத்துவார்கள். வழக்கமான படத்தில் வாயும் பேச்சும் பிசகினால் தவறு. இங்கே அந்த முடிச்சைத்தான் வேண்டுமென்றே அவிழ்க்கிறார்கள். போனவர் நினைவும் முழுசாக வருவதில்லையே! கிறிஸ் மார்க்கரின் 'லா ஜெத்தே' (1962) கிட்டத்தட்ட முழுக்க அசையாத போட்டோக்கள்தான். ஒரே இடத்தில் ஒரு பெண் கண் சிமிட்டுவாள். நெஞ்சு பகீரென்றது.

ஜவ்வாது மலையில் தேன் எடுத்த எங்கள் தாத்தாவின் போட்டோ ரேஷன் கார்டில் இருக்கிறது. குரல் யாரிடமும் இல்லை. அதனால் ஆயா பேசுவதைச் செல்போனில் பதிவு செய்தேன். 'எதுக்குடா இதெல்லாம்?' என்பதோடு சேர்த்து 11 நிமிடம். அதற்கு எந்தப் படத்தை வைப்பது? ஆயா முகம் சரிப்படவில்லை. வெள்ளிக்கிழமை ஆட்டுச்சந்தை கலைந்தபின் ஒடுகத்தூர்த் திடலை எடுத்தேன். கொஞ்சம் ஒட்டுகிறது.