எள்ளலும் இரவல் முகமும்

திருக்கோணமலை டச்சுக் குடாக் கடற்கரையில் மாலைவேளை உலாவுவோர், இளைஞர் பலர் ஒரு கைத்தொலைபேசியைச் சூழ்ந்திருந்து நகைப்பதைக் காண்பர். நகைத்தல் இளமைக்கு இயல்பு. அதனைக் கடிதல் நம் கருத்தன்று. ஆயினும், அந்நகைப்பினுள் இக்காலத்தே புகுந்துள்ள புதியதொரு கருவியைப் பற்றி நம் கல்லூரி மாணவர் அறிந்திருத்தல் நன்று. 'டீப்ஃபேக்' எனப்படும் ஆழ்போலியே அது.

ஒருவர் முகத்தை மற்றொருவர் உடலிற் பொருத்தி, அவர் செய்யாததைச் செய்ததாகவும் சொல்லாததைச் சொன்னதாகவுங் காட்டுதல் ஆழ்போலியாம். இப்பெயர் 2017ஆம் ஆண்டின் இறுதியில் வழக்கில் வந்தது. கணினியானது இருவர் படங்களையும் பன்முறை ஆராய்ந்து, இருவர்க்கும் பொதுவாகிய முக அசைவுகளையும், ஒவ்வொருவர்க்குஞ் சிறப்பாகிய சாயலையும் வெவ்வேறாகப் பயில்கின்றது. பின்னர் ஒருவரது அசைவின்மீது மற்றவரது சாயலைத் தீட்டுகின்றது. முன்னர் இதற்குப் படங்கள் பலவும் நெடுநேரமும் வேண்டியிருந்தன. 2024ஆம் ஆண்டிலோ, ஒரேயொரு படத்தைக் கொண்டு, பேசிக்கொண்டிருக்கும்பொழுதே முகத்தை மாற்றும் மென்பொருள் இலவசமாகக் கிடைப்பதாயிற்று. ஆகவே, நேரலையில் தோன்றுவோரும் இரவல் முகத்துடன் தோன்றுதல் கூடும்.

'இஃது பழைய வேடங்கட்டுதல்தானே?' என்று வினவுவார் உளர். நகை பிறக்கும் நிலைக்களன் நான்கனுள் எள்ளலையும் ஒன்றாக வைத்தார் தொல்காப்பியர். நம் கூத்துக்களரியிற் கோமாளி பெரியோரையும் எள்ளுவான். ஆனால், அவன் களரியில் நிற்பது யாவர்க்குந் தெரியும். வேடம் வேடமென்றே அறியப்படும். மனம் நொந்தவர் அவனை நேரிற் கேட்கவுங் கூடும். ஆழ்போலியிலோ கோமாளி மறைந்துவிடுகிறான். எள்ளப்பட்டவரே தம் முகத்துடன் அரங்கில் நிறுத்தப்படுகிறார்.

நேரலை இத்தீங்கைப் பெருக்குகின்றது. உடனிருந்து காணுங் கூட்டத்தார் அதனை விளையாட்டென்றே அறிந்திருப்பர். அதினின்று வெட்டியெடுத்த துண்டு வட்ஸ்அப் வழியே பிறரை அடையும்பொழுது, விளையாட்டென்னும் அறிவிப்பு உடன் செல்வதில்லை. முகம் மாத்திரமே செல்லும்.

2023 ஜனவரியில், 'ருவிச்' என்னும் நேரலைத் தளத்திற் புகழ்பெற்ற அமெரிக்கர் ஒருவரின் கணினித் திரையில், சக பெண் நேரலையாளரின் ஆபாச ஆழ்போலிகளை விற்ற தளமொன்று திறந்திருந்தமை, அவரது நேரலையிலேயே வெளிப்பட்டது. அவர் மன்னிப்புக் கேட்டார். பாதிக்கப்பட்ட பெண்ணொருவர் தாமும் நேரலையில் தோன்றிக் கண்ணீர் விட்டார். அவ்வாண்டு மார்ச்சில் அத்தளம் தன் விதிகளைக் கடுமையாக்கியது. அதே ஆண்டு நவம்பரில், நடிகை ராஷ்மிகா மந்தானாவின் முகத்தை வேறொரு பெண்ணின் காணொளியில் ஒட்டிய ஆழ்போலி இந்தியாவெங்கும் பரவிற்று. அதன்பொருட்டு 2024 ஜனவரியிற் கைதானவர், நடிகையின் இரசிகர் பக்கமொன்றை நடத்தியவர். பின்தொடர்வோரைப் பெருக்கவே அதனைச் செய்தாரெனப் பொலிசார் கூறினர். பகையின்றியும் இத்தீங்கு நிகழுமென்பதற்கு இது சான்று.

கருவி தன்னளவிற் குற்றமுடையதன்று. 2024இல் வெளிவந்த 'லால் சலாம்' படப் பாடலொன்றில், மறைந்த பாடகர் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது ஆகியோர் குரல்களை ஏ. ஆர். ரகுமான் இத்தகைய நுட்பத்தால் மீட்டெடுத்தார். குடும்பத்தாரின் இசைவைப் பெற்று, அவர்கட்கு ஊதியமும் அளித்தார். செய்ததை வெளிப்படையாகவுஞ் சொன்னார். இசைவும் வெளிப்படையுமே எல்லைக்கோடு.

இலங்கையில் 2024ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நிகழ்நிலைக் காப்புச் சட்டம் இயற்றப்பட்டது. கருத்துச் சுதந்திரத்தை நெருக்குமென்னுங் கண்டனத்துக்கும் அச்சட்டம் உள்ளாயிற்று. சட்டம் எவ்வாறாயினும், அது வருமுன்னர் முகமிழந்தவர் துயர் வந்துவிடும். புகழ்பெற்ற நடிகைக்காகப் பரிந்து பேசப் பல்லாயிரவர் உளர். உவர்மலையிலுள்ள ஒரு மாணவிக்கோ, நம் கணித ஆசிரியர்க்கோ யார் உளர்? தமிழரும் முஸ்லிம்களுஞ் சிங்களவரும் அருகருகே வாழும் இத்துறைமுக மாவட்டத்தில், மதகுரு ஒருவர் வாயில் அவர் சொல்லாத சொல்லை இட்டு விளையாடின், அவ்விளையாட்டு எங்கே முடியும்?

ஆகவே மாணவர் மூன்று வினாக்களைத் தமக்குள் எழுப்புவாராக: முகத்துக்குரியவர் இசைந்தாரா? காண்போர் போலியென அறிவாரா? அத்துண்டு தனியே சென்றால் யார்க்கு ஊறு நேரும்? மூன்றற்கும் நேரிய விடை கிடைப்பின் நகைக்கலாம். நாமும் உடன் நகைப்போம்.