சாய டப்பாவின் மேல் எழுதியிருப்பது

காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்துச் சாயப் பட்டறையில் அண்டா கொதிக்கிறது. அங்கிருந்து சில கிலோமீட்டர் தள்ளி, ஏனாத்தூரில், 1993 முதல் நிகர்நிலைப் பல்கலைக்கழகமாக இயங்கும் ஸ்ரீ சந்திரசேகரேந்திர சரஸ்வதி விசுவ மகாவித்யாலயத்தில் வேதியியல் படிக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள். இரு தரப்பாரும் கையாளுவது ஒரே குடும்பத்துப் பொருள்கள். ஆனால் பேச்சு சேராது. நெசவாளர் வீட்டில் அரக்கு, மயில் கழுத்து, வாடாமல்லி, வெங்காயச் சருகு என்பார்கள். ஆய்வகத்திலோ மெத்தில் ஆரஞ்சு, ஃபுக்சின், டையசோனியம், சல்ஃபோனிக் அமிலம். முதல் வகைப் பெயர் நிறத்தைக் கண்ணுக்குக் காட்டுகிறது. இரண்டாம் வகை அந்த நிறம் எதனால் ஆனது, எதில் ஒட்டும், எதில் ஒட்டாது என்பதைச் சொல்கிறது. பள்ளியில் அதை மனப்பாடம் செய்யவைத்தே அலுக்க வைத்துவிட்டோம் என்பதுதான் வருத்தம்.

பிளஸ் டூ வேதியியல் செய்முறையில் 'சாய சோதனை' செய்தவர்களுக்கு ஒரு காட்சி மறக்காது. அனிலினை ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் கரைத்து, சோதனைக் குழாயை ஐஸில் நிறுத்தி, சோடியம் நைட்ரைட் கரைசலைத் துளித்துளியாக விட வேண்டும். வெப்பம் 5 டிகிரிக்கு மேல் போகக் கூடாது. போனால் நைட்ரஜன் குமிழ் குமிழாக வெளியேறிவிடும், சாயம் கிடைக்காது. பொறுமையாகச் செய்தவர் அதில் காஸ்டிக் சோடாவில் கரைத்த பீட்டா நாப்தாலை ஊற்றியதும் குழாய் முழுக்கச் செக்கச்செவேலென்று ஆகும். இந்த டையசோ வினையை 1858-இல் கண்டுபிடித்தவர் ஜெர்மானியரான பீட்டர் கிரீஸ். கைகோத்து நிற்கும் இரண்டு நைட்ரஜன் அணுக்களுக்கு 'அசோ' என்று பெயர். நிறம் அந்தப் பிணைப்பில்தான் பிறக்கிறது.

குழாயில் உண்டான அந்தச் சிவப்புக்கு வணிக உலகில் 'சூடான் 1' என்று பெயர். எண்ணெயில் கரையும், தண்ணீரில் கரையாது. மிளகாய்த்தூளைப் பளிச்சென்று காட்ட யாரோ இதைக் கலக்க, 2003-இல் இந்தியாவிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன மிளகாய்ச் சரக்கில் அது அகப்பட்டுப் பெரிய பிரச்சினையானது. பிளஸ் டூ மாணவர் கையாலேயே செய்து பார்க்கும் பொருள் அது. அவருக்கு இந்தக் கதையையும் சேர்த்துச் சொன்னால் சோதனை மனதில் நிற்கும்.

அதே செய்முறையில் ஒரே ஒரு மாற்றம் செய்யலாம். அனிலினுக்குப் பதில் சல்ஃபானிலிக் அமிலம். கிடைப்பது பட்டுக்கும் கம்பளிக்கும் போடும் ஆரஞ்சுச் சாயம். டப்பாவில் 'ஆசிட் ஆரஞ்சு 7' என்றிருக்கும். சூடான் 1-உடன் ஒரு சல்ஃபோனிக் தொகுதி கூடியிருக்கிறது, அவ்வளவுதான் வித்தியாசம். ஆனால் அந்தத் தொகுதி வந்தவுடன் சாயம் தண்ணீரில் கரைகிறது, பட்டில் பிடிக்கிறது.

காரணம் பட்டிலேயே இருக்கிறது. பட்டுப்பூச்சி நூற்ற இழை இரண்டு புரதங்களால் ஆனது. வெளியே பசை மாதிரி செரிசின், உள்ளே ஃபைப்ராயின். சோப்பும் சோடாவும் போட்டுக் கொதிக்கவைத்துப் பசையை நீக்கும்போது எடையில் ஏறத்தாழ கால் பங்கு போய்விடும். மிஞ்சும் ஃபைப்ராயினுக்குத்தான் அந்த மினுமினுப்பு. சாயத் தண்ணீரில் கொஞ்சம் அசிட்டிக் அமிலம் சேர்த்ததும் ஃபைப்ராயினின் அமினோ முனைகள் நேர்மின் ஏற்கின்றன. சல்ஃபோனிக் தொகுதி எதிர்மின். இரண்டும் இழுத்துப் பிடித்துக்கொள்ளும். 'ஆசிட்' சாயம் என்று பெயர் வந்தது இந்த அமிலத் தொட்டியால்தான். பருத்திக்கு அமினோ முனை கிடையாது. அதே டப்பாவை நூல் புடவைக்குப் போட்டால் முதல் சலவையிலேயே சாயம் வெளுத்துவிடும்.

சல்ஃபானிலிக் அமிலத்தை பீட்டா நாப்தாலுக்குப் பதில் டைமெத்தில் அனிலினோடு சேர்த்தால் மெத்தில் ஆரஞ்சு. அமிலத்தில் சிவப்பு, காரத்தில் மஞ்சள். பியூரெட்டிலிருந்து அமிலம் சொட்டும்போது முடிவுப் புள்ளியைக் காட்டுவது இதுதான். சாய அட்டவணையில் இதற்கு 'ஆசிட் ஆரஞ்சு 52' என்ற பெயரும் உண்டு; பட்டில் பிடிக்கும். ஆனால் எலுமிச்சைச் சாதம் சிந்தியதும் நிறம் மாறும் புடவையை யார் கட்டுவார்கள்? ஆரத்தித் தட்டில் மஞ்சள் தண்ணீரோடு சுண்ணாம்பு சேர்த்ததும் சிவக்கிறதே, அதுவும் இதே வகை வேலைதான். அங்கே நிறம் மாறுவது மஞ்சளிலுள்ள குர்குமின்.

டப்பாவில் இன்னும் சில எழுத்துகள் இருக்கும். ரோடமின் பி, ரோடமின் 6 ஜி, பான்சோ 4 ஆர் என்பதுபோல. இவை பெரும்பாலும் ஜெர்மன் சொற்களின் முதலெழுத்துகள். ஆர் என்றால் சிவப்புப் பக்கம், ஜி என்றால் மஞ்சள் பக்கம், பி என்றால் நீலப் பக்கம். எண் கூடக் கூட அந்தச் சாய்வும் கூடும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சாய உலகம் ஜெர்மனியின் கையில் இருந்ததன் தடயம் இது. 1924-இல் பிரிட்டனின் சாயத் தொழில் வல்லுநர் சங்கம் வண்ண அட்டவணையை வெளியிடத் தொடங்கி, ஒவ்வொரு சாயத்துக்கும் எண் கொடுத்தது. நூறு கம்பெனி நூறு பெயர் வைத்தாலும் ஆசிட் ஆரஞ்சு 7-க்கு எண் 15510 தான்.

பெயர்களின் வேர் ஐரோப்பாவில் மட்டும் இல்லை. சமஸ்கிருத 'நீல' அரபியில் 'அன்னீல்' ஆகி, போர்த்துகீசியத்தில் 'அனில்' ஆனது. அவுரியிலிருந்து எடுத்த நீலத்தைக் காரத்தோடு காய்ச்சி வடித்த வேதியியலாளர் ஃப்ரிட்சே, 1840-இல் கிடைத்த எண்ணெய்க்கு 'அனிலின்' என்று பெயர் வைத்தார். பென்சீனின் பெயர் சாம்பிராணியில் தொடங்குகிறது: அரபு வணிகர்கள் 'லுபான் ஜாவி' என்ற பிசின் பெயர் திரிந்து பென்சாயின் ஆகி, அதிலிருந்து பென்சாயிக் அமிலம், பிறகு பென்சீன். 1856-இல் பதினெட்டு வயது வில்லியம் பெர்க்கின் குயினைன் செய்யப் போய், அனிலினிலிருந்து ஊதாச் சாயம் கண்டபோது, அவர் தோய்த்துப் பார்த்ததும் பட்டுத் துணியைத்தான். அடுத்து வந்த ஃபுக்சின், 1859-இல் நடந்த மெஜந்தா போரின் பெயரால் மெஜந்தா ஆகிப் புடவைக் கடை வரை வந்துவிட்டது. சளிப் பரிசோதனையில் காசநோய்க் கிருமியைச் சிவப்பாகக் காட்டுவதும் அதே ஃபுக்சின்தான்.

பெயரைப் படிக்கத் தெரியாததால் வரும் கேடும் உண்டு. அசோ சாயம் உடலுக்குள் உடைந்தால், எந்த அமினிலிருந்து அதைச் செய்தார்களோ அந்த அமினே வெளிவரலாம். பென்சிடினிலிருந்து செய்த சாயங்கள் இப்படித்தான் அச்சத்துக்குள்ளாயின. பென்சிடின் சிறுநீர்ப்பையில் புற்றுநோய் வரவழைப்பது. இந்தியாவில் 1993-இல் பென்சிடின் சார்ந்த 42 சாயங்களும் 1997-இல் மேலும் 70 அசோ சாயங்களும் தடை செய்யப்பட்டன.

2024 பிப்ரவரியில் தமிழ்நாட்டில் பஞ்சு மிட்டாய்க்குத் தடை வந்ததும் ஒரு சாயத்தால்தான். மிட்டாயில் இருந்தது ரோடமின் பி. துணிக்கும் காகிதத்துக்கும் பளீர் ரோஜா நிறம் தரும் சாயம் அது. வண்ண அட்டவணையில் 'பேசிக் வயலட் 10'. இந்தியாவில் உணவுக்கு அனுமதியுள்ள செயற்கை நிறங்கள் எட்டுதான். அவற்றுள் ரோடமின் இல்லை.

அந்த எட்டில் ஒன்றான டார்ட்ராசின் கவனிக்க வேண்டியது. இனிப்புக்கு மஞ்சள் நிறம் தரும் இந்தச் சாயமே 'ஆசிட் யெல்லோ 23' என்ற பெயரில் பட்டுக்கும் கம்பளிக்கும் போகிறது. மூலக்கூறு ஒன்றுதான், தரம் வேறு. உணவுத் தரத்தில் ஈயம், ஆர்செனிக், வினையாகாமல் மிஞ்சிய அமின் எல்லாவற்றுக்கும் உச்சவரம்பு உண்டு. துணிச் சாயத்துக்கு அந்தக் கட்டாயம் இல்லை. உணவுத் தரச் சாயமும் தின்பண்டத்தில் கிலோவுக்கு 100 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. கேசரிப் பவுடர் வாங்கும்போது டப்பாவின் பின்பக்கத்தில் பொடி எழுத்தில் 102 என்ற எண் இருந்தால் அது டார்ட்ராசின். 110 என்றால் சன்செட் யெல்லோ. 124 என்றால் பான்சோ 4 ஆர். பெயரோ எண்ணோ இல்லாத பொட்டலத்தைக் கடைக்காரரிடமே திருப்பிக் கொடுத்துவிடலாம்.